கொன்றான், கொன்றானாம்: குற்றத் தொடர் எழுதியவரிடம் ஒரு கேள்வி

2 பிப்ரவரி 2025, முலுண்ட் வாசகர் ஒருவர் கேட்டது

நீங்கள் பதினெட்டு ஆண்டுகள் மும்பையில் இந்தித் தொலைக்காட்சியின் உண்மைக் குற்றத் தொடர்களுக்குக் கதையும் திரைக்கதையும் எழுதியவர் என்று அறிந்தேன். ‘உண்மைச் சம்பவத்தை அடிப்படையாகக் கொண்டது’ என்று ஒவ்வொரு வாரமும் போடுகிறார்களே, அதில் உண்மை எவ்வளவு? அடுத்த வீட்டு இழவை வைத்துப் பிழைக்கிறோம் என்று உங்களுக்கு என்றைக்காவது தோன்றியதுண்டா?

2 பிப்ரவரி, இரவு

இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன்: தோன்றியதில்லை. நாங்கள் எழுதியவை எல்லாம் பதிவில் உள்ள வழக்குகள். அவ்வாறு எழுதலாம் என்று உச்ச நீதிமன்றமே 1994-இல் சொல்லியிருக்கிறது, அதுவும் ஒரு தமிழ்நாட்டு வழக்கில். மரண தண்டனை விதிக்கப்பட்டிருந்த ஆட்டோ சங்கர் செங்கல்பட்டுச் சிறையில் தன் கதையை எழுதினார். காவல்துறை அதிகாரிகளுடன் தனக்கு இருந்த தொடர்பையும் அதில் சொல்லியிருந்தார். நக்கீரன் இதழ் அதை வெளியிட முனைந்தபோது சிறைத்துறை மேலதிகாரி குறுக்கே வந்தார். நீதிமன்ற ஆவணம் உள்ளிட்ட பொது ஆவணங்களில் இருப்பதை வெளியிட எவருடைய ஒப்புதலும் தேவையில்லை என்று அந்த வழக்கில் தீர்ப்பானது. அந்தத் தீர்ப்பின் நிழலில்தான் எங்கள் தொழில் நடந்தது. பெயரை மாற்றுவோம், ஊரை மாற்றுவோம். இதற்கு மேல் என்ன செய்ய வேண்டும்?

3 பிப்ரவரி

முதல் கேள்விக்கு வருகிறேன். ஒரு மணி நேர நிகழ்ச்சியில் விளம்பரம் போக எங்களுக்குக் கிடைப்பது ஏறத்தாழ நாற்பத்திரண்டு நிமிடம். செய்தித்தாள் நறுக்குகளைத் தேடிக் கொண்டுவர ஆய்வாளர் என்ற பெயரில் ஓர் இளைஞர் இருப்பார். அவரும் நானும் சேர்ந்து விசாரணை அதிகாரியைப் பார்ப்போம். அவர் நேரம் கொடுக்கும் இடம் பெரும்பாலும் காவல் நிலையத்துக்கு எதிரே இருக்கும் டீக்கடைதான். அவர் சொல்வதைக் குறித்துக்கொண்டு, முதல் தகவல் அறிக்கையின் நகல் கிடைத்தால் அதையும் வாங்கிக்கொண்டு, அரைப்பக்கத்தில் ஒன்லைன் எழுதுவேன். சேனல் அதை ஏற்றால் நான்கு நாளில் திரைக்கதை முடிய வேண்டும். வசனம் எழுதுகிறவர் வேறு ஒருவர், அலகாபாத்காரர். நான் ஒரு பக்கத்தில் எழுதும் அழுகையை அவர் ஒரு வரியில் முடித்துவிடுவார். பிறகு சேனலின் சட்டப் பிரிவு படித்துவிட்டு ஓரங்களில் குறிப்பு எழுதி அனுப்பும். சாதிப் பெயரை நீக்கு, பள்ளியின் பெயரை நீக்கு, தூக்குக் கயிறு முழுதாகத் தெரியக் கூடாது, இப்படி.

அதிகாரிகளுக்கும் விருப்பங்கள் உண்டு. தாணே பக்கத்துக் காவல் ஆய்வாளர் ஒருவர் இரண்டு மணி நேரம் வழக்கைப் பற்றிப் பேசிவிட்டு, எழுந்து போகும்போது தணிந்த குரலில் ஒன்றே ஒன்றைத்தான் கேட்டார்: தன் பாத்திரத்துக்குத் தொப்பை வேண்டாம். கொடுத்தோம், தொப்பை இல்லாத ஆய்வாளரை.

3 பிப்ரவரி, பின்னிரவு

மேலே ‘முதல் தகவல் அறிக்கையின் நகல் கிடைத்தால்’ என்று எழுதியதைப் பார்த்து, அதுதான் இணையத்திலேயே கிடைக்கிறதே என்று ஒருவர் கேட்கிறார். காவல்துறை அதை இருபத்து நான்கு மணி நேரத்துக்குள் இணையத்தில் ஏற்ற வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது 2016-இல். பாலியல் குற்றம் போன்ற நுண்மையான வழக்குகளுக்கு அப்போதும் விலக்கு உண்டு. நான் எழுதத் தொடங்கியது 2005-இல். என் வேலையில் பெரும்பகுதி டீக்கடைக் காலத்தைச் சேர்ந்தது.

5 பிப்ரவரி

செம்பூரில் வழக்கறிஞராக இருக்கும் வாசகர் ஒருவர் என் முதல் பதிலைப் பிடித்துவிட்டார். 1994 தீர்ப்பு பேசுவது பொது ஆவணத்தைப் பற்றி. டீக்கடையில் அதிகாரி சொன்னது எந்த ஆவணத்தில் இருக்கிறது என்று கேட்கிறார். சரியான கேள்வி. நான் தீர்ப்பின் பாதியை மட்டும் எடுத்துப் போர்த்திக்கொண்டேன். குற்றப்பத்திரிகையே பொது ஆவணம் அல்ல, அதை எல்லோரும் பார்க்கும்படி இணையத்தில் ஏற்ற வேண்டியதில்லை என்று உச்ச நீதிமன்றம் 2023 ஜனவரியில் சொல்லியிருப்பதையும் அவர் நினைவூட்டுகிறார். நாங்களோ பல சமயம் குற்றப்பத்திரிகை தாக்கலாகும் முன்பே படப்பிடிப்பை முடித்துவிடுவோம். செய்தி சூடாக இருக்கும்போதே ஒளிபரப்ப வேண்டும் என்பது சேனலின் கணக்கு.

இன்னொன்றையும் அவர் கேட்டார். அது எனக்கு முள்ளாகத் தைத்தது. எங்கள் தொடரின் உச்சக்காட்சி எப்போதும் ஒப்புதல் வாக்குமூலம்தான்: மேசை, ஒற்றை விளக்கு, ஒரு டம்ளர் தண்ணீர், குற்றவாளி குனிந்த தலையோடு தொடங்குவான், பின்னோக்குக் காட்சி விரியும். ஆனால் காவல் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம் சாட்சியமே ஆகாது என்று 1872-ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டத்தில் 25-ஆவது பிரிவு சொன்னது. இப்போதைய பாரதிய சாக்ஷ்ய அதினியத்தில் அது 23-ஆவது பிரிவு. அந்த வாக்குமூலத்தின் வழியாக ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால் அந்த அளவுக்கு மட்டும் எடுத்துக்கொள்ளலாம். அடித்து வாங்கியிருப்பார்கள் என்ற ஐயம் சட்டம் எழுதிய வெள்ளைக்காரனுக்கே இருந்திருக்கிறது. எனக்கு இல்லை. அத்தகைய காட்சிகளை இருநூறாவது எழுதியிருப்பேன். நீதிமன்றம் காதில் போட்டுக்கொள்ளக் கூடாத ஒன்றை, நாடு முழுவதும் இரவுச் சாப்பாட்டு நேரத்தில் கேட்டுக்கொண்டிருந்தது.

6 பிப்ரவரி

நேற்று எழுதியதைப் படித்துவிட்டுப் பழைய நோட்டுப் புத்தகங்களை எடுத்துப் பார்த்தேன். நான் ஆன்டாப் ஹில் அரசுக் குடியிருப்பில் வளர்ந்தவள். இந்தி தெருவில் வந்தது, மராத்தி பள்ளியில் வந்தது, ஆனால் அவசரமாகக் குறிப்பெடுக்கும்போது கை தமிழுக்குத்தான் போகும். அதிகாரி சொன்னதைத் தமிழில் எழுதியிருக்கிறேன்: ‘ராத்திரி பதினொன்றுக்கு வந்தானாம். கதவு திறந்திருந்ததாம். பணம் கேட்டானாம், இல்லை என்றதும் குத்தினானாம்.’ பக்கம் பக்கமாக ‘ஆம்’. நான் பார்க்கவில்லை, பிறர் சொல்லக் கேட்டது என்பதை அந்த ஓரெழுத்தும் ஒற்றும் ஒவ்வொரு வினைச்சொல்லிலும் ஒட்டிக்கொண்டு சொல்கின்றன.

அதே கதையின் திரைக்கதையைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். ‘இரவு 11 மணி. அவன் வருகிறான். கதவு திறந்திருக்கிறது. குத்துகிறான்.’ ஓர் ‘ஆம்’ கூட இல்லை. யாரும் திட்டமிட்டு நீக்கவில்லை. கேமராவுக்கு அந்த விகுதி கிடையாது. நடிகர் கத்தியைத் தூக்கினால் தூக்கியதுதான். ‘தூக்கினானாம்’ என்று நடிக்க எவராலும் முடியாது. பெயரையும் ஊரையும் மாற்றியதை மட்டும் நினைத்து நிம்மதியாக இருந்த எனக்கு, வினைமுற்றை மாற்றியது இத்தனை ஆண்டுகள் கண்ணில் படவே இல்லை.

6 பிப்ரவரி, இரவு

திரையின் ஓரத்தில் சேனலின் சின்னத்துக்குப் பக்கத்தில் நிரந்தரமாக ‘ஆம்’ என்று போட்டுவிடலாமே என்கிறார் ஒருவர். இந்தியில் ‘ஆம்’ என்றால் மாம்பழம். இந்திக்காரர்கள் மாம்பழ விளம்பரம் என்று நினைத்துக்கொள்வார்கள்.

பம்பாயின் தமிழ்த் தாதா வரதராஜ முதலியாரைப் பற்றி ஏன் எழுதவில்லை என்று கேட்டவருக்கு: தமிழர் என்று தெரிந்ததும் ஒவ்வொரு தயாரிப்பாளரும் என்னிடம் முதலில் கேட்டது அதைத்தான். தாராவியில் பல இலட்சம் பேர் இட்லி அவித்தும் தோல் பதனிட்டும் பிழைத்துக்கொண்டிருக்க, 1988-இல் இறந்துபோன ஒருவரையே திரும்பத் திரும்ப எழுத எனக்கு மனம் வரவில்லை.

9 பிப்ரவரி

எல்லாக் கதைகளும் கைதோடு ஏன் முடிகின்றன என்று ஒரு வாசகி கேட்டிருக்கிறார். நாற்பத்திரண்டு நிமிடம் என்பது பாதிக் காரணம்தான். கதையைக் கொடுக்கிறவர் காவல்துறைக்காரர். அவருடைய வேலை கைதோடும் குற்றப்பத்திரிகையோடும் முடிந்துவிடுகிறது. ஆகவே கதையும் அங்கேயே முடிகிறது. அரசுத் தரப்பு வழக்கறிஞரோ, கீழ்நீதிமன்றத்து எழுத்தரோ, ஆர்தர் ரோடு சிறையின் வாசலில் மனுப்போட்டுக் காத்திருக்கும் மனைவியோ கதை சொல்லியிருந்தால் அது வேறு இடத்தில் தொடங்கி வேறு இடத்தில் முடிந்திருக்கும்.

இந்த ஊரிலேயே எடுத்துக்காட்டு இருக்கிறது. நடைபாதையிலும் குடிசையிலும் தூங்கியவர்களைத் தலையில் அடித்துக் கொன்ற ராமன் ராகவனைச் சப்-இன்ஸ்பெக்டர் அலெக்ஸ் ஃபியால்ஹோ பிடித்தது 1968-இல். கேட்ட கோழிக்கறியை வாங்கிக் கொடுத்த பிறகே அவன் வாய் திறந்தான் என்பதைப் பம்பாய்க்காரர்கள் எல்லோரும் சொல்வார்கள். அதற்குப் பின்னால் நடந்தது எத்தனை பேருக்குத் தெரியும்? மரண தண்டனை விதிக்கப்பட்டது. அவன் மேல்முறையீடு செய்ய மறுத்தான். உயர் நீதிமன்றம் மூன்று மனநல மருத்துவர்களைக் கொண்டு அவனைச் சோதிக்க வைத்தது. தீராத மனநோய் என்று கண்டறியப்பட்டு, 1987-இல் தண்டனை ஆயுளாகக் குறைக்கப்பட்டது. 1995-இல் புனேயில் சிறுநீரகம் செயலிழந்து இறந்தான். ஒரு மனநோயாளியைச் சட்டம் என்ன செய்ய வேண்டும் என்ற கேள்வி முழுவதும் அந்தப் பத்தொன்பது ஆண்டுகளில்தான் இருக்கிறது. நான் எழுதியிருந்தால் கோழிக்கறியோடு முடித்திருப்பேன்.

12 பிப்ரவரி

‘விசாரணையில் இருக்கும் வழக்கைத் தொடக் கூடாது என்று சட்டம் இல்லையா’ என்ற கேள்விக்குச் சுருக்கமாக. முழுத் தடை என்று ஒன்று இல்லை. நீதிமன்றம் ஒவ்வொன்றாகப் பார்த்து முடிவு செய்யும். 1993 மும்பைக் குண்டுவெடிப்புகளைப் பற்றிய ‘பிளாக் ஃப்ரைடே’ திரைப்படம் 2004-இல் தயாராகியும், அந்த வழக்கை விசாரித்த தடா (பயங்கரவாதத் தடுப்புச் சட்ட) நீதிமன்றத்தின் தீர்ப்புக்காகக் காத்திருந்து 2007 பிப்ரவரியில்தான் வெளிவந்தது. ஷீனா போரா கொலை வழக்கைப் பற்றிய ஆவணத் தொடரை நிறுத்தக் கோரி சி.பி.ஐ. கடந்த ஆண்டு பம்பாய் உயர் நீதிமன்றத்துக்குப் போனபோது, நீதிபதிகள் தொடரைப் பார்த்துவிட்டு, விசாரணையைப் பாதிக்கும் எதுவும் அதில் இல்லை என்று கூறித் தடை விதிக்க மறுத்தார்கள். பெரிய வழக்குகளுக்கு இவ்வளவு கவனம் கிடைக்கிறது. வாரத்துக்கு மூன்று நாள் ஓடும் எங்கள் தொடரைத் தடுக்க எந்த ஓட்டுநரின் குடும்பம் உயர் நீதிமன்றப் படி ஏறும்?

1990-களின் கடைசியில் ஜீ டிவியில் தேடப்படும் குற்றவாளிகளைக் காட்டிப் புகழ்பெற்ற நிகழ்ச்சி ஒன்று இருந்தது, நினைவிருக்கும். அதன் தொகுப்பாளர் மீதே மனைவியின் மரணம் தொடர்பாக வழக்கு வந்தது. 2017-இல் ஆயுள் தண்டனை, 2018-இல் டெல்லி உயர் நீதிமன்றத்தில் விடுதலை. அவர் கைதான அன்றைக்கு யாராவது அவரைப் பற்றி நாற்பத்திரண்டு நிமிடம் எடுத்திருந்தால் என்னவாகியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

15 பிப்ரவரி

ஓட்டுநரின் குடும்பம் என்று மேலே கைதவறி எழுதவில்லை. முதல் நாள் ‘தோன்றியதில்லை’ என்று எழுதியதும் உண்மையில்லை.

2010 நவம்பரில் ஒரு மருந்து விற்பனை நிறுவனத்தின் கணக்காளர் கொல்லப்பட்டார், பணப்பெட்டி காணாமல் போனது, அந்த நிறுவனத்தின் இரவு ஓட்டுநர் கைதானார். ஓட்டுநரின் வீடு தாராவியில், 90 அடிச் சாலையிலிருந்து உள்ளே போகும் ஒரு சந்தில். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து இரண்டு தலைமுறைக்கு முன் வந்த குடும்பம். ஆய்வாளர் இளைஞருக்குத் தமிழ் தெரியாததால் நானே போனேன். பத்திரிகையிலிருந்து வருவதாகச் சொன்னேன். தமிழில் பேசியதால் உள்ளே விட்டார்கள். தாயார் கலர் வாங்கிவரச் சொல்லி ஒரு பையனை அனுப்பினார். கதவில் அழைப்பு மணிக்குப் பதிலாக ஒரு சைக்கிள் மணியைத் திருகி வைத்திருந்தார்கள். ஓட்டுநர் பையனாக இருந்தபோது தன் சைக்கிள் திருட்டுப் போக, மிஞ்சிய மணியை அவரே கதவில் பொருத்தினாராம். குரோமியம் உரிந்து செம்பு நிறம் தெரிந்தது. கட்டைவிரல் படும் இடம் மட்டும் பளபளப்பாக இருந்தது.

நான் அந்த மணியை எழுதினேன். திரைக்கதையில் ஊர் நாசிக் ஆயிற்று, பெயர் வேறாயிற்று, மருந்து நிறுவனம் துணிக்கடை ஆயிற்று. மணி மட்டும் அப்படியே நின்றது, ஏனென்றால் அது நன்றாக இருந்தது. கொலை செய்துவிட்டு வருகிறவன் நள்ளிரவில் தன் வீட்டு வாசலில் நின்று, பழக்கத்தால் மணியை அடிக்கக் கட்டைவிரலை வைத்து, பிறகு எடுத்துக்கொள்கிறான். இயக்குநர் அந்தக் காட்சிக்காக என்னைக் கட்டிப்பிடித்துப் பாராட்டினார். 2011 ஜனவரியில் ஒளிபரப்பானது. குற்றப்பத்திரிகை அப்போது தாக்கலாகியிருக்கவில்லை.

2017-இல் செஷன்ஸ் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. சாக்கடையிலிருந்து கத்தியை எடுத்துக் கொடுத்தார் என்பதுதான் வழக்கின் முதுகெலும்பு. அதற்குப் பஞ்சநாமாவில், அதாவது பொருளைக் கைப்பற்றியதைச் சாட்சிகள் முன்னிலையில் எழுதும் பதிவில், கையெழுத்திட்ட சாட்சி, அதே காவல் நிலையத்தின் வேறு நான்கு வழக்குகளிலும் அதேபோல் தற்செயலாக அவ்வழியே வந்து கையெழுத்திட்டவர் என்று குறுக்கு விசாரணையில் வெளிப்பட்டது. எங்கள் நிகழ்ச்சியில் சாக்கடைக் காட்சிக்கு நான் மழை சேர்த்திருந்தேன்.

எனக்கு இவை எதுவும் தெரியாது. அடுத்த ஆண்டு, படப்பிடிப்பில் விளக்குப் பிடிக்கும் ஒருவர் வழியாக என் எண்ணை வாங்கி அவருடைய அக்கா அழைத்தார். திட்டுவார் என்று எதிர்பார்த்துப் போனேன். வாசலில் மணி இருந்தது. அதை அடிக்கக் கை வராமல் கதவைத் தட்டினேன். அவர் மாவாட்டும் இயந்திரத்தை நிறுத்திவிட்டு வந்தார். விடியற்காலையில் மாட்டுங்காவுக்கு இட்லி கொண்டுபோய் விற்கிறவர். உட்காரச் சொன்னார். பிறகு கேட்டார்:

“ஏம்மா, பேர மாத்துன, ஊர மாத்துன, தொழில மாத்துன. இந்த மணிய மட்டும் மாத்தத் தோணலியா ஒனக்கு?”

நிகழ்ச்சி வந்த மறுநாளிலிருந்து அந்தச் சந்தில் போகிற வருகிற பையன்கள் எல்லோரும் அதை ஒரு தடவை அடித்துவிட்டு ஓடினார்களாம். ‘கொலைகார வீட்டு மணி.’ கழற்றி எறிந்திருக்கலாமே என்று நான் கேட்டது எவ்வளவு மடத்தனம் என்பது கேட்ட பிறகுதான் தெரிந்தது. “அவன் வந்து கழத்தட்டும்னு அம்மா சொல்லிட்டாங்க,” என்றார். தாயார் 2014-இல் இறந்துவிட்டார். தம்பி வந்தது 2017-இல்.

16 பிப்ரவரி

சட்டப் பிரிவு இதை எப்படி விட்டது என்று செம்பூர் வழக்கறிஞர் கேட்கிறார். பார்க்கவில்லை, அவ்வளவுதான். பாலியல் வன்முறைக்கு ஆளானவர் என்றால் சட்டம் மிகவும் கண்டிப்பானது: முன்பு இந்திய தண்டனைச் சட்டத்தின் 228ஏ, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவின் 72-ஆவது பிரிவு. பெயரை மட்டுமின்றி, அவரை மறைமுகமாகவேனும் அடையாளம் காட்டக்கூடிய எந்தச் செய்தியையும் வெளியிடக் கூடாது என்று 2018 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. அந்தத் தீர்ப்புக்குப் பிறகு எங்கள் சட்டப் பிரிவு சுவரின் நிறத்தைக் கூட மாற்றச் சொல்லும். குற்றம் சாட்டப்பட்டவரின் கதவுக்கு அத்தகைய பாதுகாப்பு கிடையாது. சாட்சிகள் ஆளை அடையாளம் காட்டும் அணிவகுப்பு கெட்டுவிடக் கூடாது என்பதற்காகக் காவலர்கள் அவர் முகத்தைத் துணியால் மூடிக் கூட்டிவருவதோடு சரி.

இதற்காக நான் எழுதுவதை விட்டுவிட்டேனா என்று கேட்கிறார்கள். இல்லை. 2018-க்குப் பிறகும் ஐந்து ஆண்டுகள் எழுதினேன். வீட்டுக் கடன் இருந்தது. தீர்ப்பு வந்த வழக்குகளை மட்டும் கொடுங்கள் என்று கேட்டேன். பாதி கொடுத்தார்கள்.

20 பிப்ரவரி

தொலைக்காட்சியால் யாருக்காவது நீதி கிடைத்ததுண்டா என்று கேட்டவருக்கு: கிடைத்திருக்கிறது. பிரிட்டனில் 2024 ஜனவரி முதல் வாரம் ஐடிவியில் நான்கு இரவுகள் ஓடிய ‘மிஸ்டர் பேட்ஸ் வெர்சஸ் தி போஸ்ட் ஆஃபீஸ்’. எழுதியவர் குவெனெத் ஹியூஸ். ஹொரைசன் என்ற கணினிக் கணக்குமுறை தவறாகக் காட்டிய பற்றாக்குறைக்காக, தொள்ளாயிரத்துக்கும் மேற்பட்ட கிளை அஞ்சலகக்காரர்கள் திருட்டு, பொய்க்கணக்கு என்று தண்டிக்கப்பட்டிருந்தார்கள். செய்தித்தாள்கள் ஆண்டுக்கணக்கில் எழுதின. உயர் நீதிமன்றத் தீர்ப்பு 2019-லேயே வந்துவிட்டது. 2021-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் 39 பேரின் தண்டனையை ஒரே நாளில் நீக்கியது. ஆனாலும் நாடு அசைந்தது தொடரைப் பார்த்த பிறகுதான். அதே ஆண்டு மே மாதம் அந்தத் தண்டனைகளை மொத்தமாக நீக்கும் சட்டமே நிறைவேறியது.

பொறாமையோடு பார்த்தேன். அவர் கதை கேட்டது தண்டிக்கப்பட்டவர்களிடம். அவர்களுடைய சமையலறை மேசையில் உட்கார்ந்து கேட்டிருக்கிறார் என்பது காட்சிக்குக் காட்சி தெரிகிறது. நானும் ஒரு வீட்டுக்குள் உட்கார்ந்தேன், கலர் குடித்தேன், கேட்கத்தான் இல்லை. மணியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அங்கே சிக்கியவர்கள் நூற்றுக்கணக்கானோர், ஒரே எதிரி, ஒரே கணினி. இங்கே ஒவ்வொரு வழக்கும் தனித்தனி என்பதும் உண்மை. இதைச் சாக்காகச் சொல்லவில்லை, அல்லது சற்றே சாக்காகத்தான் சொல்கிறேன்.

4 மார்ச்

அந்த நிகழ்ச்சி இன்னமும் சேனலின் யூடியூப் பக்கத்தில் இருக்கிறது. எடுத்துவிடச் சொல்லிச் சென்ற மாதம் எழுதினேன். இந்த இழையில் நீங்கள் கேட்ட கேள்விகள் இல்லாவிட்டால் எழுதியிருக்க மாட்டேன். உரிமை என்னுடையதல்ல, ஒப்பந்தத்தில் அப்படித்தான் கையெழுத்திட்டிருக்கிறேன். இன்று பதில் வந்தது. எடுக்க மாட்டார்கள். கடைசியில் ஒரு வரி சேர்த்திருக்கிறார்கள்: இவ்வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர் பின்னர் நீதிமன்றத்தால் விடுவிக்கப்பட்டார். நான்கு விநாடி, இந்தியில்.

அக்காவை அழைத்துச் சொன்னேன். தமிழில் படித்துக் காட்டச் சொன்னார், காட்டினேன். மணிச் சத்தம் இருக்கிறதா என்று கேட்டார். இருக்கிறது என்றேன். சிறிது நேரம் இயந்திரத்தின் இரைச்சல் மட்டும் கேட்டது. ஞாயிற்றுக்கிழமை வந்து தம்பிக்கும் அந்த வரியைக் காட்டும்படி சொன்னார். போன மழைக்காலத்தில் கதவை மாற்றிவிட்டார்களாம். இப்போது தகரக் கதவாம், தட்டினாலே கேட்குமாம்.